பெரம்பலூரில் கடல் பார்த்த சாம்பிள் அண்ணாச்சி

கொச்சியில் மட்டாஞ்சேரி பஜாருக்கு வந்து போன மிளகு மணிகளில் சாம்பிள் அண்ணாச்சியை ஏமாற்றிய மணி ஒன்றுகூடக் கிடையாது. ஏமாற்ற முயன்று தோற்ற மனிதர்களை மட்டும் ஒரு படகில் ஏற்றினால், அது துறையை விட்டு நகர்வதற்கு முன்பே மூழ்கியிருக்கும்.

எழுபதுகளின் கடைசியில் நான் அங்கே ஒரு மலைச்சரக்குக் கம்பெனியில் குமாஸ்தா. மிளகு, சுக்கு, ஏலக்காய் எல்லாம் தரம் பார்த்துக் கப்பலேற்றுகிற கம்பெனி. அண்ணாச்சி அங்கே சாம்பிள் எடுக்கிறவர். அவருடைய சொந்தப் பெயர் என்னவென்று எனக்கு இன்று வரை தெரியாது. சம்பள நாளில் கையெழுத்தைக்கூட யாரும் படிக்க முடியாதபடிதான் போடுவார். மலையாளிகளுக்கு அவர் சாம்பிளேட்டன், என் போன்ற தமிழர்களுக்கு சாம்பிள் அண்ணாச்சி. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து முப்பது வருஷமாகியும், சாயாவையும் கப்பைக் கிழங்கையும் ஏற்றுக்கொண்டவர், ஊர்ப் பேச்சை மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை.

மூட்டை வந்து இறங்கியதும் குத்தூசியோடு கிளம்புவார். சாக்கில் குத்தினால் அதன் பள்ளத்தில் ஒரு பிடி மிளகு வரும். மூட்டையின் மேலே ஒரு குத்து, நடுவில் ஒரு குத்து, அடியில் ஒரு குத்து. மூன்றையும் உள்ளங்கையில் வைத்து ஊதி, ஒவ்வொரு மணியாக முன்பல்லில் வைத்துக் கடிப்பார். காய்ந்த மிளகு டக்கென்று உடையும், ஈர மிளகு சத்தமில்லாமல் நசுங்கும். பார்த்து முடித்ததும் எடுத்த மிளகை அதே மூட்டையில் போட்டுவிடுவார். ஒரு மணியைக்கூட அவர் பையில் போட்டு நான் பார்த்ததில்லை.

அந்த மேல், நடு, அடி என்கிற சட்டத்தை அவர் குடோனோடு நிறுத்தியிருந்தால் நாங்கள் நிம்மதியாக இருந்திருப்போம். கல்யாண வீட்டில் முதல் பந்தியில் உட்கார்ந்து ஒரு வாய் சாம்பார் சாப்பிட்டு எழுந்துவிடுவார். நடுப் பந்தியில் மறுபடி ஒரு வாய், கடைசிப் பந்தியில் இன்னொரு வாய். பிறகு பெண்ணின் தகப்பனாரைத் தனியே அழைத்துப்போய், எந்தப் பந்தியிலிருந்து தண்ணீர் கலக்க ஆரம்பித்தார்கள் என்று சொல்லிவிட்டு வருவார். எனக்குப் பாலக்காட்டில் பெண் பார்த்தபோது, யாரும் கேட்காமலே பஸ் ஏறிப் போய் வாசலில் என் மாமனாரிடமும், கூடத்தில் மாமியாரிடமும், கொல்லையில் பாத்திரம் தேய்க்கிற அம்மாவிடமும் ஆளுக்குப் பத்து நிமிஷம் பேசிவிட்டு வந்து, தாராளமாகக் கட்டலாம் என்றார். மிளகைப் போல என்னையும் குத்திப் பார்த்துத்தான் எடுத்தீர்களா என்று என் மனைவி கேட்கும்போதெல்லாம் நான் பேப்பரை விரித்துக்கொள்வேன்.

இப்படிப்பட்டவரைத்தான் பஜார் ஒரு நாள் பொய்யர் என்று சொன்னது.

கொத்தமல்லி பார்த்துவரச் சொல்லி கம்பெனி அவரைப் பெரம்பலூருக்கு அனுப்பியிருந்தது. திரும்பி வந்தவர் மல்லியைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு, அங்கே முன்னொரு காலத்தில் கடல் இருந்திருக்கிறது என்றார். புல்கூட முளைக்காத பொட்டல் மேட்டில் சிப்பியும் சங்கும் கல்லாகிக் கிடக்கின்றனவாம். கல்லாகிப்போன ஒரு மரமே இருக்கிறதாம். மூன்று பக்கமும் தண்ணீர் சூழ்ந்த ஊரில் உட்கார்ந்துகொண்டு, தண்ணீருக்கே அலைகிற சீமையில் கடல் பார்த்தேன் என்று சொன்னால் யார் நம்புவார்கள்? கேட்டவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

ரொம்பச் சிரித்தவர் ஔசேப்பு. பக்கத்துத் தோப்பும்படிக்காரர். அப்பாவும் அண்ணன்மாரும் கடலுக்குப் போகிறவர்கள். அவர் மட்டும் மிளகுத் தரகுக்கு வந்துவிட்டார். அவருடைய சரக்கை அண்ணாச்சி அடிக்கடி திருப்பி அனுப்புவார் என்பதால் ஒரு பழைய கடுப்பும் உண்டு. அடுத்த முறை அண்ணாச்சி ஒரு லாட் மிளகை ஈரம் என்று தள்ளியபோது, ஔசேப்பு எல்லாரும் கேட்கும்படி, பெரம்பலூரில் கடலைப் பார்த்த கண்ணுக்கு மிளகில் ஈரம் தெரியாமலா போகும் என்றார். அது பஜார் முழுக்கப் பரவிவிட்டது. ஒரு வாரத்துக்குள் வேறு இரண்டு தரகர்களும் அண்ணாச்சி தள்ளிய சரக்கை மறுபடி பார்க்கச் சொல்லி மேனேஜரிடம் போனார்கள். மேனேஜரும் யோசித்தார்.

அண்ணாச்சிக்கு வீடு வாசல் கிடையாது, படிப்பு கிடையாது. அவர் சொன்னால் சரியாக இருக்கும் என்கிற பேர் ஒன்றுதான் அவரிடம் இருந்தது. அது போய்விட்டால் குத்தூசியைத் தூக்கிக்கொண்டு அவர் எங்கே போவார்?

அவர் யாரிடமும் சண்டை போடவில்லை. ஆபீஸ் சுற்றுலாவுக்கு அந்த வருஷமும் மலம்புழா என்று முடிவாகியிருந்தது. அதை மாற்றிப் பெரம்பலூர் போக வேண்டும், வழிகாட்ட நான் வருகிறேன் என்று மேனேஜரிடம் போய் நின்று சம்மதிக்க வைத்தார். அணைக்கட்டையும் பூந்தோட்டத்தையும் விட்டுவிட்டுப் பொட்டல்காட்டைப் பார்க்கக் கொச்சியிலிருந்து கிளம்பிய முதல் பஸ் எங்களுடையதாகத்தான் இருக்கும். கம்பெனி ஆளே இல்லாத ஔசேப்பும் ஞாயிற்றுக்கிழமைப் பூசையை விட்டுவிட்டுக் கூடவே வந்தார். பொய்யைக் கையும் களவுமாகப் பிடிப்பதும் புண்ணியம்தான் என்று பஸ்ஸில் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார்.

சனிக்கிழமை புறப்பட்டவர்கள் ஞாயிறு காலை பெரம்பலூர்ப் பக்கத்துச் சாத்தனூரில் இறங்கினோம். அண்ணாச்சி வேட்டியை மடித்துக் கட்டி, குத்தூசியைக் கையில் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தார். மலையாளிகள் பழக்கத்தில் ஆளுக்கொரு கறுப்புக் குடை கொண்டு வந்திருந்தார்கள். அந்த வெயிலில் இருபது கறுப்புக் குடைகள் வரிசையாகப் போனதைப் பார்த்த ஓர் ஆட்டுக்காரர் ஆடுகளை ஓரமாக ஒதுக்கிவிட்டு, தலைத்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, இறந்தது யார் என்று என்னிடம் மெதுவாக விசாரித்தார்.

கல்மரம் படுத்துக் கிடந்தது. நாங்கள் கிளையும் இலையுமாக நிற்கும் என்று எதிர்பார்த்துப் போயிருந்தோம். அண்ணாச்சி எங்களை முதலில் அதன் அடியில் நிற்க வைத்தார், பிறகு நடுவில், பிறகு நுனியில். பட்டையின் வரிகளையும் கிளை ஒடிந்த கணுவையும் குத்தூசியால் தொட்டுத் தொட்டுக் காட்டினார். எனக்கென்னவோ மரம் மாதிரிதான் தெரிந்தது. ஔசேப்பு குடையின் நுனியால் அதைத் தட்டிப் பார்த்தார்.

"அண்ணாச்சி, இது கல்லல்லே? மரம்னு பறஞ்சு கல்லைக் காட்டினா எப்படி?"

"நீரு மேலாகப் பாத்துட்டுப் பேசுதீரு, ஔசேப்பே. சாயங்காலம் பேசும்."

அங்கிருந்து காரை என்கிற ஊருக்குப் போனோம். அந்த இடத்தை எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. பூமியைத் தோலுரித்துப் போட்ட மாதிரி இருந்தது. மஞ்சளும் வெள்ளையும் செம்மண் நிறமுமாக மேடுகள். மழைத் தண்ணீர் அறுத்து அறுத்து உண்டாக்கிய பள்ளங்கள். நிழலுக்கு ஒரு செடிகூட இல்லை. மேட்டின் மேலே ஒரு நிற மண், நடுவில் ஒரு நிறம், பள்ளத்தில் வேறு நிறம். அண்ணாச்சியின் முகத்தைப் பார்க்க வேண்டுமே, மகள் வீட்டுக்கு வந்தவர் மாதிரி பூரித்துப் போயிருந்தார். பூமியும் ஒரு மூட்டைதான், அதை மழையே குத்திக் காட்டியிருக்கிறது என்று விளக்கினார். ஔசேப்பு சுற்றிலும் பார்த்துவிட்டு, கடல் சரி, போட் ஜெட்டி எங்கே என்று கேட்டார். எல்லாரும் சிரித்தோம். நானும் சிரித்தேன், அது எனக்கு இப்போதும் உறுத்துகிறது.

அண்ணாச்சி குனிந்து, விரல் நீளத்துக்குத் துப்பாக்கிக் குண்டு போல் கூராக இருந்த ஒன்றை எடுத்தார். முன்னொரு காலத்துக் கடல் பிராணியின் உடம்பில் இருந்தது, கல்லாகிவிட்டது என்று கல்மரத்துக் காவல்காரர் அவருக்குச் சொல்லியிருந்தாராம். வெறும் மண்கட்டி என்றார் ஔசேப்பு. மண்கட்டியா கல்லா என்று ஒரு பேச்சு வந்துவிட்டால் சாம்பிள் அண்ணாச்சி என்ன செய்வார்? முப்பது வருஷமாகச் செய்ததைத்தான் செய்தார். முன்பல்லில் வைத்துக் கடித்தார்.

டக்கென்று சத்தம் கேட்டது. கல் உடைந்துவிட்டது என்றுதான் நினைத்தோம். அண்ணாச்சி வாயைப் பொத்திக்கொண்டு கீழே பார்த்தார். மேல்வரிசை முன்பல் ஒன்றில் பாதியைக் காணவில்லை.

"தேடுங்கலே. அந்தப் பல்லுதாம்லே எனக்குச் சோறு போடுது" என்றார். சொன்னதில் முக்கால்வாசி காற்றாக வந்தது.

அதன் பிறகு நடந்ததை யாராவது படம் பிடித்திருக்க வேண்டும். ஓர் ஏற்றுமதிக் கம்பெனியின் மேனேஜரும் குமாஸ்தாக்களும் டைப்பிஸ்டும், குடையை எறிந்துவிட்டு, முழங்காலில் தவழ்ந்து ஒரு மனிதரின் பல்லைத் தேடினோம். ஆளாளுக்கு எதையாவது எடுத்து, அண்ணாச்சி இதுவா என்று நீட்டினோம். அவர் ஒவ்வொன்றையும் பார்த்து, இது சிப்பி, இது சங்குத் துண்டு என்று திருப்பிக் கொடுத்தார். அரை மணி நேரத்தில் எங்கள் முன்னால் ஒரு குவியலே சேர்ந்துவிட்டது. பல் மட்டும் இல்லை. கடல் கிடையாது என்று சொன்ன வாய்களெல்லாம் மெல்ல ஓய்ந்துவிட்டதை யாரும் கவனிக்கவில்லை.

சும்மா சொல்லக்கூடாது, எல்லாரையும்விட அக்கறையாகத் தேடியவர் ஔசேப்புதான். தன் வாய்க்கொழுப்பால் வந்த வினை என்ற கூச்சம் இருந்திருக்கும். ஒரு பள்ளத்தின் அடியில் இறங்கியவர் கொஞ்ச நேரம் அப்படியே குந்தியிருந்தார். பிறகு உள்ளங்கையை விரித்தபடி ஏறி வந்தார்.

"அண்ணாச்சி, இது உங்க பல்லு இல்ல. இது ஸ்ராவு. சுறாவோட பல்லு."

முக்கோணமாக, ஓரம் கூராக, பழுப்பாக இருந்தது. மேனேஜர் ஏதோ சந்தேகமாகக் கேட்டார். ஔசேப்பு குரலை உயர்த்தாமல், பிறந்ததிலிருந்து இதைப் பார்த்து வளர்ந்தவன் நான், என் அப்பாவின் கணுக்காலில் இது கடித்த தழும்பு இருக்கிறது, எனக்குத் தெரியாதா என்றார். சொல்லிவிட்டு அந்த மேடுகளைச் சுற்றி ஒரு பார்வை பார்த்தார். அவருக்குக் கடல் தெரிந்துவிட்டது என்று அவர் முகத்திலேயே எழுதியிருந்தது.

இந்த இடத்தில் வேறு எவராக இருந்தாலும் எப்படித் துள்ளியிருப்பார்கள். அண்ணாச்சி பல்லை வாங்கிப் பார்த்தார், திருப்பிப் பார்த்தார், வெயிலில் பிடித்துப் பார்த்தார்.

"எங்க எடுத்தீரு?"

"அடியில, பள்ளத்தில."

"அடிச் சாம்பிள் ஒண்ணை வச்சுக்கிட்டு முடிவு சொல்லப்பிடாது. நடுவுல ஒண்ணு, மேல ஒண்ணு பாருங்க."

இனி யாராலும் மறுக்க முடியாது என்று நாங்கள் கெஞ்சியும் அவர் கேட்கவில்லை. வெயில் சாயும் வரை நடுவிலும் மேலேயும் தேட வைத்தார். கிடைக்கவில்லை. அப்படியானால் இப்போதைக்குக் கடல் என்று தன்னால் உறுதி சொல்ல முடியாது என்றார். எடுத்த சாம்பிளை மூட்டையில்தான் போட வேண்டும் என்று ஔசேப்பின் கையாலேயே சுறாப்பல்லைப் பள்ளத்தில் போடவும் வைத்தார். அவருடைய சொந்தப் பல்லும் அங்கேதான் கிடக்கிறது. இன்னும் கோடி வருஷம் கழித்து யாராவது அதைக் கண்டெடுத்து, அந்தக் கடலில் சுறாவோடு மனிதனும் நீந்தினான் என்று புத்தகம் எழுதப் போகிறார்கள்.

திங்கட்கிழமை காலை ஊர் வந்து சேர்ந்ததும், ஔசேப்பு நேராகப் பஜாரில் போய்க் கடலைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். கையில் அத்தாட்சி கிடையாது. எல்லாரும் அவரைப் பார்த்துச் சிரித்தார்கள். நீயும் அந்தக் கடலில் குளித்துவிட்டு வந்தாயா என்றார் ஒருவர்.

மறுநாள் ஔசேப்பின் மிளகு மூட்டைகள் குடோனில் இறங்கின. முந்தின நாள் சிரித்த தரகர்களும் அங்கே நின்றார்கள். அண்ணாச்சியின் கன்னம் பணியாரம் போல் வீங்கியிருந்தது. மூன்று குத்துக் குத்தி மிளகை எடுத்துவிட்டார். வாய்வரை கொண்டு போனவரால் கடிக்க முடியவில்லை. இன்னொரு முறை முயன்றார். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இன்று ஒரு நாள் கண்ணால் பார்த்து முடிவு சொன்னால் போதும் என்று மேனேஜர் சொன்னார். அண்ணாச்சி மாட்டேன் என்று தலையை ஆட்டினார். குத்தூசியை மூட்டைமேல் வைத்துவிட்டு, என்ன செய்வது என்று தெரியாமல் நின்ற அண்ணாச்சியை அன்றுதான் முதல்முறை பார்த்தேன்.

ஔசேப்பு முன்னால் வந்து அவர் உள்ளங்கையிலிருந்து ஒரு மணியை எடுத்துக் கடித்தார். டக்கென்றது. இன்னொன்று, அதுவும் டக்கென்றது. மூட்டையின் அடியிலிருந்து எடுத்ததைக் கடித்தார். சத்தமே வரவில்லை. அவர் வாய்க்குள் நடந்தது வேறு யாருக்கும் தெரிந்திருக்காது. நன்றாக இருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் மொத்தச் சரக்கும் விலைபோயிருக்கும்.

"அடியில ஈரம் உண்டு, அண்ணாச்சி. இது எடுக்கண்டா, தள்ளிடுங்க" என்றார்.

தரகர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அதன் பிறகு அண்ணாச்சி தள்ளிய சரக்கை மறுபடி பார்க்கச் சொல்லி யாரும் மேனேஜரிடம் போகவில்லை.

அண்ணாச்சி குத்தூசியைத் திரும்பக் கையில் எடுத்தார். பிறகு, ரெண்டு நாள் வெயிலில் காயப்போட்டுக் கொண்டாரும், நான் எடுத்துக்கிடுதேன் என்று சொல்லிச் சிரித்தார். பல் போனதிலிருந்து துண்டால் வாயை மூடியே பேசிக்கொண்டிருந்தவர், அன்று மூட மறந்துவிட்டார். அந்த அரைப் பல்லோடு அவர் சிரித்த சிரிப்பைப் போல அழகாக ஒன்றை நான் மட்டாஞ்சேரியில் பார்த்ததில்லை.