சிவப்பு கண்டுபிடிக்கும் அண்ணை

கம்யூனிஸ்டைத் தேடிப் பிடிக்கும் வானொலிக்காரர் என்றோர் இனம் உண்டு, வாசகரே. மொன்றியலில் அதைப் பார்க்க நீங்கள் அலைய வேண்டியதில்லை. சனிக்கிழமை காலையில் தமிழ் வானொலியைப் போட்டுவிட்டு, மரண அறிவித்தலும் பிறந்தநாள் வாழ்த்தும் நகைக்கடை விளம்பரமும் முடியும்வரை தேநீரோடு காத்திருந்தால் போதும். ‘சிவப்பு எச்சரிக்கை’ என்று ஒரு குரல் முழங்கும். அவர்தான்.

எங்கள் அருமைநாதன் அண்ணையை எடுத்துக்கொள்ளுங்கள். கம்யூனிஸ்ட் ஒருவரையும் அவர் வாழ்நாளில் நேரே கண்டதில்லை. அதனாலென்ன? குழந்தைகளை மலிவாகப் பார்த்துக்கொள்ளும் கார்தெரி கம்யூனிசம், சைக்கிள் பாதை கம்யூனிசம், பனி அள்ளுகிறவர்கள் சம்பளம் கூட்டிக் கேட்டால் மொஸ்கோவின் சதி, பூங்காவில் இலவசமாகப் படம் காட்டினால் அது நாட்டைப் பிடிப்பதற்கான முதற்படி. தேர்தல் வந்தால் கொன்சவேட்டிவ் கட்சித் துண்டுப்பிரசுரங்களோடு வில்லரே பகுதிப் படிக்கட்டுகளெல்லாம் ஏறி இறங்குவார். சிவப்பு உடுப்புப் போடமாட்டார். கோயில் குங்குமத்துக்கு மட்டும் விலக்கு. துறைமுகத்தில் தொழிற்சங்கம் மல்லுக்கட்டி வாங்கிக்கொடுத்த ஓய்வூதியத்தில்தான் சீவியம். கேட்டால், அது தன் உழைப்பு என்பார். பேரன் போவதும் அதே மலிவுக் கார்தெரிக்குத்தான். அது பிள்ளையின் உரிமையாம்!

இந்த வசந்தத்தில் வீட்டுக்காரன் வந்து, கட்டடத்தை உடைத்துத் திருத்தப்போகிறேன், யூலை முதலாம் திகதிக்குள் எல்லோரும் வீட்டைவிட்டு எழும்புங்கள் என்றான். அண்ணை பயந்துபோனார். மனைவி செல்வமலர் டயாலிசிஸுக்குப் போகும் ஆஸ்பத்திரி அங்கிருந்து நடக்கிற தூரம். இந்த வாடகைக்கு இன்னொரு வீடு எங்கே கிடைக்கும்? பாவம், அந்தக் கிழமை அவர் சரியாகச் சாப்பிடவும் இல்லை.

மேல்வீட்டுத் தாட்சாயினி குடியிருப்பாளர் எல்லோரையும் சேர்த்துச் சங்கம் அமைத்து வழக்குப் போட ஆயத்தமானாள். அண்ணை என்ன செய்தார்? வானொலியில் ஏறி, சங்கம் கூடுகிற இடத்தில் சொத்துரிமை செத்துப்போகும், வீட்டுக்காரனும் மனிதன்தானே என்று கண்கலங்கப் பேசினார். பேசிவிட்டு வீட்டுக்கு வந்து, பெட்டிகள் எங்கே மலிவு என்று விசாரித்தார்.

அடுத்த சனிக்கிழமை நேயர் நேரம். ஓர் அழைப்பு வந்தது. “உங்கட வானொலியைக் கொஞ்சம் குறைச்சுவிட்டுக் கதையுங்கோ,” என்றார் அண்ணை வழக்கம்போல். குறைக்காவிட்டால் பேசுகிறவரின் குரலே திரும்பி வந்து அவரைக் குழப்பும் அல்லவா?

“அண்ணை, நான் மேல்வீட்டுத் தாட்சாயினி. ஃபோன் அடிச்சா நீங்கள் எடுக்கிறியளில்லை, அதுதான் இஞ்ச அடிச்சனான். செல்வமலர் அக்கா சங்கத்தில சேந்திட்டா. வழக்குக்கு உங்கட கையெழுத்தும் வேணும். பின்னேரம் வாறியளே?”

நேயரின் தொடர்பு துண்டிக்கப்பட்டுவிட்டதென்று அறிவித்து, அண்ணை ஒரு பக்திப்பாட்டைப் போட்டார். அது முடிய இன்னொன்று.

பின்னேரம் போனார். முன்பக்கத்தால் அல்ல, பின்பக்க இரும்புப் படியால். கையெழுத்து வைத்ததோடு நிற்கவில்லை. விசாரணை நாளில் செல்வமலரின் நோயைச் சொல்லி அவர் போட்ட சத்தத்தில் வீட்டுக்காரனின் வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். குடியிருப்பாளர் வென்றார்கள். நானும் அந்தக் கட்டடத்தில்தான் இருக்கிறேன், கைதட்டியவர்களில் ஒருவன்.

தீர்ப்புக்கு அடுத்த சனிக்கிழமை வந்தது. “ஒரு தனிமனிதன் துணிஞ்சு நிண்டால் வெல்லலாம் எண்டதுக்கு நான் சாட்சி. சங்கம் கிங்கம் ஒண்டும் தேவையில்லை,” என்று முழங்கினார் அண்ணை. செல்வமலர் வானொலியை நிறுத்திவிட்டு, ஒரு சட்டி புட்டோடு மேல்வீட்டுக்கு ஏறினார்.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். உங்களுக்குக் கிடைத்தால் உரிமை, பக்கத்து வீட்டாருக்குக் கிடைத்தால் ஓசி என்று நீங்கள் ஒருநாளும் சொன்னதில்லையே? அப்படியென்றால் சனிக்கிழமை வானொலிக்கு ஓர் அழைப்பு எடுங்கள். எடுத்து, உங்கள் வானொலியைக் குறைக்காமல் பேசிப்பாருங்கள். திரும்பி வருகிற குரல் அண்ணையுடையதா, உங்களுடையதா?