சாகும்போது சொல்லக்கூடாத சொல்

எனக்கு ஒழுங்காகச் சாகத் தெரியாது. லண்டன் தொலைக்காட்சி நாடகங்களில் பதினைந்து வருடம் செத்துப் பிழைத்தவன் இதை ஒப்புக்கொள்வது வெட்கக்கேடுதான்.

எண்பதுகளில் டாக்சி ஓட்டுநராகவும் ஆஸ்பத்திரி நோயாளியாகவும் நடித்துக்கொண்டிருந்தேன். (அதாவது, என் பிடரி நடித்தது.) "வாய் திறக்காத வேலைக்கு நடிகர் எண்டு பேரோ?" என்று கிங்ஸ்பரியில் இருந்த என் மாமி, மனைவி சுகந்தியின் அம்மா, பார்க்கும்போதெல்லாம் கேட்பார். அப்படியிருக்க, ஒரு துப்பறியும் நாடகத்தில் எனக்கு வசனம் கிடைத்தது! திருடர்கள் சுட்ட கடைக்காரன் நான். இன்ஸ்பெக்டரின் மடியில் கிடந்து, "ஐ ஆம் கோயிங், சார்" என்று சொல்லிவிட்டுச் சாக வேண்டும். மாமியின் வாயை அடைக்க அது போதும் என்று சொந்தக்காரர் எல்லோருக்கும் போன் போட்டுச் சொல்லிவிட்டேன்.

கேமரா ஓடியது. கண்களைச் செருகி, "ஐ ஆம் கோயிங்" என்றேன். அதோடு நிறுத்த மனம் வரவில்லை. வாசலில் நின்று "போறன்" என்றால் முதுகில் அடி விழும் வீட்டில் வளர்ந்தவன் நான். "போட்டு வாறன்" என்றுதான் சொல்ல வேண்டும். நாக்கு தானாகவே, "அண்ட் கமிங், சார்" என்று முடித்தது.

"கட்! செத்தபிறகு எங்கே வரப்போகிறீர்கள்?" என்றார் இயக்குநர்.

மன்னிப்புக் கேட்டு மறுபடி செத்தேன். மறுபடியும் திரும்பி வருவதாக வாக்குக் கொடுத்தேன். ஐந்தாம் தடவை இன்ஸ்பெக்டர் சிரிப்பை அடக்க முடியாமல் என்னை மடியிலிருந்து கீழே போட்டுவிட்டார். ஏழாம் தடவை பல்லைக் கடித்துக்கொண்டு சரியாகச் சொன்னேன். சொன்ன கையோடு மனம் பதற, பிணமாகக் கிடந்தபடியே, "கமிங்" என்று முணுமுணுத்தேன்.

"நீங்கள் பேசவே வேண்டாம். சும்மா செத்துப்போங்கள்" என்றார் இயக்குநர். எனக்கு அழுகை வந்துவிட்டது. (அந்த அழுகையைத்தான் படம்பிடித்தார்கள்.)

ஒளிபரப்பான அன்று மாமி வீட்டில் இருபது பேர் கூடியிருந்தார்கள். உண்மையைச் சொல்ல எனக்குத் துணிவில்லை. திரையில் நான் வாயை மூடிக்கொண்டு செத்தேன்.

"இஞ்சாருங்கோ, வசனம் எங்கை?" என்றாள் சுகந்தி.

"போறன் எண்டு சொல்ல ஏலாமல் போச்சு" என்று நடந்ததை ஒப்புவித்தேன். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மாமி மட்டும் சிரிக்கவில்லை.

"ஏன் சிரிக்கிறியள்? என்ரை பிள்ளை தாலியோடை இருக்கேக்கை அவர் அப்பிடிச் சொல்லலாமோ?" என்று அதட்டிவிட்டு, முதல் தேநீரை எனக்கு நீட்டினார்.

அதற்குப் பிறகு எனக்கு வசனம் உள்ள வேடம் கிடைக்கவேயில்லை. பிணம் வேண்டுமென்றால் மட்டும் கூப்பிட்டார்கள். மாமிக்கு இப்போது தொண்ணூறு வயது. கலியாண வீடுகளில் என்னை இன்றும் பெருமையோடுதான் அறிமுகப்படுத்துவார்:

"இவர் என்ரை மருமோன். பெரிய நடிகர். சத்தம் போடாமல் சாவார்."