வாழை மரத்தின் மேல் ஒரு முறைப்பாடு

திருநெல்வேலி,
புதன்கிழமை காலை.

அன்பும் மதிப்பும் உள்ள சம்பந்தி குணலட்சுமி ரீச்சர் அவர்களுக்கு,

தாங்களும் மருமகன் கோகுலனும் சுகமாக இருக்க அம்மன் துணை. இங்கே எனக்கும் சுகம்தான். மனைவி இராசாத்தியும் மகள் தனுசியாவும் என்னோடு கதைப்பதில்லை என்பதைத் தவிர வேறு குறையில்லை.

"பெண்ணின் தகப்பனைப் பொலிஸ் பிடித்து வைத்திருக்கிறதாம், எழுத்தில் விளக்கம் வராவிட்டால் வெள்ளிக்கிழமைக் கல்யாணம் இல்லை" என்று தாங்கள் சொல்லியனுப்பியது கிடைத்தது. என்னை யாரும் பிடிக்கவில்லை. நானாகவே பொலிசுக்குப் போய் நானாகவே அங்கே வாங்கில் குந்தியிருந்தேன். முறைப்பாட்டுக்காரனே நான்தான். அடையாள அட்டையைத் தொலைத்துவிட்டு அங்கே வந்த உங்கள் அயலவர் பார்த்தபோது என் முகம் களவெடுத்தவன் முகம்போல இருந்திருக்கலாம், அதை மறுக்கவில்லை.

கல்யாண மண்டப வாசலில் கட்டுவதற்குக் குலையோடு இரண்டு இதரை வாழை தருவதாக, நீர்வேலித் தோட்டக்காரர் குகதாசன் ஆனி மாதமே ஒத்துக்கொண்டார். வேறு யாராவது என்றால் அவர் சொன்ன "ஓம்" போதும் என்று வீட்டுக்கு வந்திருப்பார்கள். நான் நொத்தாரிசிடம் இருபத்தெட்டு வருடம் கிளாக்கராக இருந்தவன் அல்லவா, முத்திரை ஒட்டி, காணி உறுதி எழுதுவதுபோல வடக்கே கிணறு, கிழக்கே வாய்க்கால், மூன்றாம் வரிசையில் நான்காம் ஐந்தாம் மரங்கள் என்று எல்லை குறித்துக் கையெழுத்து வாங்கினேன். திங்கட்கிழமை போய்ப் பார்த்தால் தோட்டம் முழுக்கக் குலை, என்னுடைய நான்காமும் ஐந்தாமும் மட்டும் குலைக்கு முன் வருகிற பொத்தியே தள்ளாமல் நிற்கின்றன. "அதுக்கென்ன அண்ணை, பக்கத்திலை நிக்கிற ரெண்டை வெட்டித் தாறன்" என்றார் குகதாசன். நல்ல குலைகள், வாங்கி வந்திருந்தால் இந்தக் கடிதமே இல்லை. "உடன்படிக்கையிலை உந்த மரம் இல்லை" என்று சொல்லிவிட்டு, என்னை ஏமாற்றிவிட்டார் என்று முறைப்பாடு கொடுக்க நேரே பொலிசுக்குப் போனேன்.

சார்ஜன் பொறுமையான மனிதர். உடன்படிக்கையை இரண்டு தரம் வாசித்தார்.

"ஐயா, வாக்குக் குடுக்கேக்கையே செய்யிறேல்லை எண்டு மனசிலை இருந்தால்தான் அது ஏமாத்து, அது எங்கடை வேலை. மனசு சரியாயிருந்து காரியம் பிழைச்சால் அது ஒப்பந்தப் பிரச்சினை. பேசித் தீர்க்கிறதுக்கு இணக்கசபைக்குப் போங்கோ."

"அப்ப அவரின்ரை மனசை விசாரியுங்கோவன்" என்றேன்.

"குலை தள்ளாமல் விட்டது வாழை. அதின்ரை மனசை நான் எப்பிடி ஐயா விசாரிக்கிறது?"

பக்கத்து மேசையில் எழுதிக்கொண்டிருந்த பெண் பொலிஸ் பேனையை வைத்துவிட்டுச் சிரித்தார். அதற்குள் சார்ஜன் கூப்பிட்டனுப்பிய குகதாசனும் தோட்டத்து மண் காலோடு வந்து என் பக்கத்தில் இருந்தார். ஏசுவார் என்று பார்த்தேன். "அண்ணை, தண்ணி குடிச்சனீங்களே?" என்று கேட்டார். அதற்குப் பிறகு எனக்கு அவர் முகத்தைப் பார்க்கவே வெட்கமாகப் போய்விட்டது, ரீச்சர். முறைப்பாட்டைக் கைவிட்டு, அவருடைய மோட்டார் சைக்கிளில் ஏறியே வீடு வந்தேன். இந்தக் கடிதத்தைக் கொண்டு வருபவரும் அவர்தான், விசாரித்துப் பாருங்கள்.

சட்டம் தெரிந்தவன் என்ற என் நினைப்புக்குப் பிள்ளைகள் என்ன செய்வார்கள்? தனுசியா நேற்றிலிருந்து சாப்பிடவில்லை. அறைக் கதவைத் தட்ட எனக்குப் பயமாக இருக்கிறது. நான் அவசரக்காரன், பிடிவாதக்காரன், முழு மடையன் என்றாலும் சம்மதம். ஆனால் மனதில் ஒன்றை வைத்துக்கொண்டு வாயால் வேறொன்றை வாக்குக் கொடுத்தவன் இல்லை. அந்த ஒன்றை நம்பி வெள்ளிக்கிழமை மாப்பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வாருங்கள்.

எல்லோருக்கும் எங்கள் அன்பைச் சொல்லவும்.

தங்கள் சம்பந்தி,
வை. கதிரவேலு

பி.கு.: கடிதத்தை வாசித்த இராசாத்தி இரண்டு நாளுக்குப் பிறகு வாய் திறந்தாள். "கலியாணத்துக்கு நூற்றைம்பது பேருக்கு மேலை சொல்லுறேல்லை எண்டு ரீச்சருக்கு வாக்குக் குடுக்கேக்கை, அறுநூறு கார்ட் அடிச்சு எங்கடை அலுமாரிக்கை இருந்ததெல்லே, அதையும் எழுதுங்கோ" என்கிறாள். இருந்தது உண்மை. இப்போது அலுமாரியில் ஒன்றும் இல்லை. இது இணக்கசபைக்குப் போகிற விஷயம் இல்லை என்பது எனக்கே விளங்குகிறது. கடைசிக் கார்டை சார்ஜனுக்குக் கொடுத்தேன், வருவதாகச் சொன்னார். முறைப்பாட்டைத் தாங்கள் மண்டபத்திலேயே கொடுக்கலாம். தாலி கட்டி முடிந்த பிறகு என்றால் பெரிய உதவியாக இருக்கும்.