பயிர்ப் பாதுகாப்பின் பொருட்டு வழங்கப்பட்டது

பெருமதிப்பிற்குரிய மாப்பிள்ளை பிரபாகர் அவர்களின் மேலான கவனத்திற்கு, தங்கள் மாமியார் மயிலம்மாள் மிகுந்த மரியாதையுடன் எழுதிக்கொள்வது.

இங்கு நானும், தங்கள் துணைவி கிருத்திகாவும், பண்ணையில் முட்டையிடும் பருவத்திலுள்ள கோழிகளும் உடல்நலத்துடன் இருக்கிறோம். கலிபோர்னியாவில் தங்கள் நலம் எவ்வாறுள்ளது என்பதைத் தாங்கள் கைப்பேசியில் அனுப்பிவரும் செய்திகளின் வாயிலாகத் தேவைக்குச் சற்று அதிகமாகவே அறிந்துவருகிறேன். ஆடி மாதத்திலிருந்து தாங்கள் கேட்டுவரும் ஒரே கேள்விக்கு ஐப்பசியில் பதில் எழுத அமர்ந்திருப்பது முறையாகாது. தாமதத்தைப் பெரிய மனது கொண்டு பொறுத்தருள வேண்டும். தொலைபேசியிலேயே சொல்லியிருக்கலாமே என்று தாங்கள் கருதலாம். தொலைபேசியில் தாங்கள் பேசத் தொடங்கினால் என் முறை வருவதற்குள் இணைப்பு துண்டிக்கப்பட்டுவிடுகிறது, துண்டிப்பவரும் தாங்களே. கடிதத்தில் அவ்வசதி இல்லை. நான் முடிக்கும்வரை தாங்கள் பொறுத்திருந்தே ஆகவேண்டும்.

தங்கள் கேள்வி இது. காலஞ்சென்ற தங்கள் மாமனாருடைய இரட்டைக்குழல் துப்பாக்கியைத் தங்கள் பெயருக்கு மாற்றுவதற்காக, வாரிசு என்ற முறையில் ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டுப் பத்து நாளில் திரும்புமாறு கிருத்திகாவை ஆனி மாதம் விமானம் ஏற்றி அனுப்பினீர்கள். ஒரு கையெழுத்துக்கு இத்தனை மாதமா? நியாயமான கேள்வி. துப்பாக்கியைச் சட்டத்துக்கு உட்பட்டு வைத்துக்கொள்வதில் தங்களுக்குள்ள ஈடுபாட்டை நான் நேரிலேயே கண்டவள். சென்ற தீபாவளியன்று வீடியோ அழைப்பில் வாழ்த்துச் சொல்ல வந்த என்னிடம் தாங்கள் புதிதாக வாங்கிய ரைபிளைத் தூக்கிக் காட்டினீர்கள். ஒருமுறை சுட்டதும் அடுத்த குண்டைத் தானாகவே ஏற்றிக்கொள்ளும் வகையைச் சேர்ந்தது என்றும், அந்த மாநிலத்தின் சட்டம் மிகக் கடுமையானது என்றும், இருந்தபோதிலும் அச்சட்டத்தின் ஒவ்வொரு வரிக்கும் தாங்கள் ஒரு மாற்று ஏற்பாடு செய்துவிட்டதாகவும் விளக்கினீர்கள். தோளில் முட்டுக்கொடுக்கும் கட்டை மடங்கக்கூடாதென்றால் மடங்காத கட்டை. குழல் முனையில் ஒன்றும் இருக்கக்கூடாதென்றால் முனை மொட்டை. பத்துக் குண்டுக்கு மேல் கூடாதென்றால் சரியாகப் பத்து. பிடியில் ஒரு தகடு.

"பாருங்க அத்த, இந்தத் தகட மாட்டிட்டா கட்டவெரல சுத்திப் புடிக்க முடியாதுங்க. புடிக்க முடியலைன்னா லீகல். அவ்வளவுதானுங்க" என்றீர்கள்.

"ஏனுங்க மாப்பிள்ளை, கட்டவெரலத் தடுத்த சட்டம் சுடுற வெரல ஏனுங்க உட்டுருச்சு?" என்று நான் கேட்டேன். தாங்கள் விழுந்து விழுந்து சிரித்தீர்கள். கிருத்திகா தங்களுக்குப் பின்னால் தண்ணீர்க் குவளையுடன் நின்றிருந்தாள். அவள் சிரிக்கவில்லை. அன்று படம் மிகத் தெளிவாக வந்தது.

தங்கள் மாமனாரும் இவ்விஷயத்தில் தங்களைப் போன்றவரே. கொல்லிமலை அடிவாரத்திலிருந்து காட்டுப்பன்றி இறங்கி மரவள்ளிக் கிழங்கைத் தோண்டுகிறது என்று மனுக் கொடுத்து, முப்பது ஆண்டுகளுக்கு முன் உரிமம் பெற்றார். ஒருமுறைகூட அதைப் புதுப்பிக்கத் தவறியவர் அல்லர். அவருடைய குண்டுக்கு இரையானவற்றைப் பதிவுக்காகக் குறிப்பிடுகிறேன்: பக்கத்துத் தோட்டத்துப் பிளாஸ்டிக் தண்ணீர்த் தொட்டி ஒன்று, பண்ணையின் டியூப்லைட் ஒன்று, வெடிச்சத்தத்தில் ஒன்றன்மேல் ஒன்று ஏறி மூச்சுமுட்டி மாண்ட ஒரு கொட்டகைக் கோழிகள். பன்றிகளுக்கு எவ்விதச் சேதமும் இல்லை. உரிமத்தில் 'காரணம்' என்ற இடத்தில் 'பயிர்ப் பாதுகாப்பு' என்று எழுதியிருந்தது. குழம்பில் உப்புக் குறைந்த நாட்களில் துப்பாக்கியை எடுத்து மடியில் கிடத்திக்கொண்டு அவர் உணவருந்துவார். அவருக்கு எதிரே நின்று பரிமாறுபவள் பயிர் வகையிலும் சேரமாட்டாள், பன்றி வகையிலும் சேரமாட்டாள் என்பதை அந்தப் படிவத்தில் எங்கே எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. அதற்கென்று கட்டம் விடப்படவில்லை. அவர் என்னை ஒருநாளும் சுட்டதில்லை, மாப்பிள்ளை. குறிவைத்ததும் இல்லை. சட்டப்படி அவர் சாப்பிட்டுக்கொண்டுதான் இருந்தார்.

தேர்தல் அறிவிக்கப்பட்டால் உரிமம் பெற்றவர்கள் துப்பாக்கியைக் காவல் நிலையத்தில் ஒப்படைத்துவிட்டு, முடிவுகள் வந்த பின்னர் திரும்பப் பெற்றுக்கொள்ள வேண்டும் என்பது இங்குள்ள நடைமுறை. தங்கள் மாமனார் தேதி தவறாமல் கொண்டுபோய்க் கொடுத்து ரசீது வாங்கி வருவார். ஆகவே எங்கள் வீட்டில் கட்சி வேறுபாடின்றி எல்லாத் தேர்தலையும் வரவேற்றோம். நாட்டில் என்ன நிலவியதோ அறியேன், அந்த வாரங்களில் எங்கள் சமையலறையில் மக்களாட்சி நிலவியது. நான் குழம்பில் வேண்டுமென்றே உப்பைக் குறைத்து வைத்துப் பார்த்ததும் உண்டு. உள்ளாட்சித் தேர்தலைத் தள்ளிவைத்தார்கள் என்று செய்தி வந்தால், நாமக்கல் மாவட்டத்திலேயே அதற்காகக் கண்ணீர் விட்ட ஒரே வாக்காளர் நானாகத்தான் இருப்பேன். கிருத்திகா மூன்றாம் வகுப்புப் படிக்கையில் ஒருநாள் பாடப் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, "ஏங்மா, அடுத்த எலெக்‌ஷன் எப்பங்மா வரும்?" என்று கேட்டாள். பிள்ளைக்கு அரசியல் ஆர்வம் என்று அவளுடைய ஆசிரியை பாராட்டினார்.

இனித் தாமதத்திற்கான காரணங்களுக்கு வருகிறேன். மாசி மாதம் தங்கள் மாமனார் நெஞ்சுவலியில் காலமானதும், சட்டப்படி துப்பாக்கியைத் துணியில் சுற்றிக் காவல் நிலையத்துக்கு எடுத்துச் சென்றேன். அங்கிருந்த ஏட்டு தண்டாயுதபாணி என்பவர் உரிமத்தில் உள்ள எண்ணையும் துப்பாக்கியில் உள்ள எண்ணையும் ஒப்பிட வேண்டும் என்று கண்ணாடியை மாட்டிக்கொண்டார். கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார். துப்பாக்கியை வெயிலில் நீட்டினார். பிறகு பூதக்கண்ணாடி வந்தது.

"ஏனுங்கம்மா, நம்பர் எங்கீங்க?"

"அங்கதானுங்க இருந்துச்சு. தொலக்கித் தொலக்கித் தேஞ்சிருக்கும்."

"தொலக்குனீங்களா? எதப் போட்டுங்க?"

"வருசா வருசம் ஆயுத பூசைக்குப் புளியும் செங்கப்பொடியும் போட்டுங்க. கொழல்ல மொகம் தெரியோணும்னு சொல்லுவாருங்க."

"துப்பாக்கிய யாராச்சும் குத்துவெளக்கு மாதிரி தொலக்குவாங்களாம்மா?"

"அப்பறம் நீங்க உங்க ஸ்டேசன் துப்பாக்கிக்கு என்னங்க பண்ணுவீங்க?"

"சந்தனம் மட்டுந்தாங்க வெப்போம்" என்று தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

மாப்பிள்ளை, எண்ணில்லாத துப்பாக்கியை வைத்திருப்பது குற்றம். முப்பது ஆண்டுகள் தங்கள் மாமனார் கட்டிக்காத்த சட்ட ஒழுங்கை நான் புளியைக் கரைத்து ஊற்றி அழித்திருக்கிறேன். அவர் கேட்டபடியே முகம் தெரிந்தது, எண் தெரியவில்லை. ஏட்டு நல்ல மனிதர். நிலையத்துப் பழைய தேர்தல் ரசீதுகளையெல்லாம் தேடி எடுத்து, அது எங்கள் துப்பாக்கிதான் என்று எழுதி, அழிந்த எண்ணை மருந்து தடவி மேலே கொண்டுவரும் சோதனைச் சாலைக்கு அனுப்பிவைத்தார். அங்கிருந்து இன்னும் பதில் வரவில்லை.

ஆனியில் கிருத்திகா வந்து சேர்ந்தாள். இருவருமாக ஆட்சியர் அலுவலகம் சென்றோம். அங்கிருந்த எழுத்தர் பெண் தங்கள் விவரங்களைப் படித்துவிட்டு, "மாப்பிள்ளை அமெரிக்காவுல இருக்காரு, பயிரு இங்க இருக்குது. பன்னி வந்துருச்சுன்னு போன் பண்ணுனா பிளேன் ஏறி வருவாருங்களா?" என்று கேட்டார். தாங்கள் எதிர்காலத்தில் ஊர் திரும்பிப் பண்ணையை நடத்தவிருப்பதாக எடுத்துரைத்தேன். "அதுவரைக்கும் பன்னி காத்திருக்குமுங்களா?" என்றார். ஆடியில் பன்றித் தொல்லை உண்மைதானா என்று நேரில் பார்க்க ஒரு காவலர் வந்து, மரவள்ளிக் காட்டோரம் மாலைவரை அமர்ந்திருந்தார். பன்றி வரவில்லை. அது அழைப்பாணைக்குக் கட்டுப்பட்ட பிராணி அன்று. அவர் 'தொல்லை காணப்படவில்லை' என்று எழுதிக்கொண்டு கிளம்பினார். அவர் ஜீப் தார்ச்சாலை ஏறுவதற்குள் இரண்டு பன்றிகள் வந்து, அவர் உட்கார்ந்திருந்த இடத்தையே தோண்டிவிட்டுப் போயின. புரட்டாசியில், கோப்பைப் பார்த்துவந்த அதிகாரி மாற்றலாகிப் போனார். புதியவர் இன்னும் பொறுப்பேற்கவில்லை. சோதனைச் சாலையிலிருந்து எண் வராமல் கோப்பு நகராது, கோப்பு நகராமல் கையெழுத்துக்கு வேலையில்லை, கையெழுத்தாகாமல் தங்கள் விருப்பம் நிறைவேறாது. ஆகையால் கிருத்திகாவை இப்போதைக்கு அனுப்ப இயலாத நிலையில் இருக்கிறேன்.

அவள் இங்கு வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாள். வந்த புதிதில் சாப்பாட்டு மேசையில் அமர மறுத்து, தட்டை எடுத்துக்கொண்டு கொட்டகைக்குப் போய்த் தீவன மூட்டையின்மேல் உட்கார்ந்து உண்டாள். லாரியிலிருந்து மூட்டையைப் பொத்தென்று போட்டால் அவளும் கோழிகளும் ஒரே நேரத்தில் நடுங்கினார்கள். ஆடிப்பெருக்கன்று தேங்காய்ச் சாதத்தில் உப்புப் போட மறந்துவிட்டேன். ஒரு வாய் வைத்தவள் நிமிர்ந்து என் மடியைப் பார்த்தாள். என் மடியில் ஒரு துண்டுதான் கிடந்தது. அப்போதுதான் வாய் திறந்தாள்.

"அவரு டேபிள் மேல வெச்சுட்டுத்தாங்மா பேசுவாரு."

"நீட்டுவாரா சாமி?"

"தொடவே மாட்டாருங்மா. தட்டுக்குப் பக்கத்துல வெச்சுக்குவாரு. யாருகிட்ட போன்ல பேசுனேம்பாரு. எதுக்கு சிரிச்சேம்பாரு. நான் அதையே பாத்தா, 'என்ன பாக்கற, எல்லாம் லீகல்'ம்பாரு."

"அப்பறம்?"

"அப்பறம் என்னங்மா. அங்க எலெக்‌ஷனுக்குக்கூட வாங்கி வெச்சுக்க மாட்டாங்களாமா."

நாங்கள் இருவரும் சிரித்தோம், மாப்பிள்ளை. அந்தச் சிரிப்பு எங்கிருந்து வந்ததென்று தெரியவில்லை. நெடுநேரம் ஓயவில்லை. எதற்குச் சிரித்தீர்கள் என்று கேட்க எதிரே ஆள் இல்லாத காரணத்தால் இருக்கலாம்.

தங்கள் ரைபிள் சட்டத்துக்கு உட்பட்டது என்பதில் எனக்கு எள்ளளவும் ஐயமில்லை. கட்டைவிரலுக்குத் தகடு இருக்கிறது, குண்டுக்குக் கணக்கு இருக்கிறது, பெட்டிக்குப் பூட்டு இருக்கிறது. சட்டம் துப்பாக்கியை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டுச் சரி என்று சொல்லியிருக்கிறது. எதிர்நாற்காலியில் அமர்ந்திருந்தவளைத் திரும்பிப் பார்க்க அதற்கு நேரமில்லை போலும். பாவம், சட்டத்துக்கும் பல வேலை.

காவேரித்தாயும் கொல்லிமலை அறப்பளீசுவரரும் தங்களுக்கு நீண்ட ஆயுளையும் நிறைந்த பொறுமையையும் அருளுமாறு வேண்டுகிறேன். தங்கள் தாயார் ஜானகியம்மாள் அவர்களுக்கு என் வணக்கத்தைத் தெரிவிக்கவும். சோதனைச் சாலையிலிருந்து பதில் கிடைத்ததும் மற்றவை எழுதுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நலம் நாடும் மாமியார்,
மயிலம்மாள்.

பின்குறிப்பு: மேலே 'இன்னும் பதில் வரவில்லை' என்று எழுதியிருப்பதை நீக்கிப் படித்துக்கொள்ளவும். ஆவணி மாதமே வந்துவிட்டது. மருந்து தடவியதும் எண் பளிச்சென்று எழுந்ததாம். எவ்வளவு தேய்த்தாலும் இரும்பு மறப்பதில்லை என்றார் ஏட்டு. அன்றே கிருத்திகா கையெழுத்திட்டாள். தாங்கள் அனுப்பிய விண்ணப்பத்தில் அல்ல. துப்பாக்கி எங்களுக்கு வேண்டாம், அரசே எடுத்துக்கொள்க என்று நான் எழுதிய மனுவில். "மாப்பிள்ள ஆசப்பட்டுக் கேக்கறாருங்கறீங்க, அப்பறம் மனசு மாற மாட்டீங்களே?" என்று ஏட்டு இருமுறை கேட்டார். இருமுறையும் கிருத்திகாதான் பதில் சொன்னாள். பன்றியும், மாற்றலான அதிகாரியும் உண்மை. அவர்களால் தாமதம் என்றது மரியாதை கருதி. அவளைத் தடுத்து வைத்திருப்பவர் எவரும் இலர். அவள் வரமாட்டாள். வழக்கறிஞரின் கடிதம் தனித் தபாலில் வருகிறது. ஒரு துப்பாக்கியின் பொருட்டாவது அவளை என்னிடம் அனுப்பிவைத்தமைக்கு என் நன்றி உரித்தாகுக.

அவள் வேலைக்கு மனுப் போட்டிருக்கிறாள். பட்டச் சான்றிதழ்கள் தங்கள் வீட்டு அலமாரியில், ரைபிள் பெட்டிக்கு மேல்தட்டில், நீல உறையில் உள்ளனவாம். அவற்றைப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, விரைவில் பதில் எழுதவும்.