காப்பி ஆறுவதற்குள் விற்ற மண்டபம்

மக்கள் இல்லம், கிளை அலுவலகம்
(வெள்ளிக்கிழமை வரை நம்முடையது)
ஏப்ரல், தெருவெல்லாம் சேறு

மரியாதைக்குரிய மச்சானும், மாவட்டச் சட்டக் குழுவின் முன்னாள் தலைவருமான தோழர் எவெர்ட் அவர்களுக்கு,

உங்கள் தங்கை மாய்கெனின் புருஷனும், இந்தக் காகித ஆலை ஊரில் சமூக ஜனநாயகக் கட்சிக் கிளையின் தலைவனுமான ஸ்டூரே எழுதிக்கொண்டது. இங்கே நாங்கள் இருவரும் நலம். ஆற்றில் பனிக்கட்டி உடைந்து ஓடிவிட்டது. உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறதென்று மாய்கென் கேட்கச் சொன்னாள். க்ஷேமலாபம் இத்தோடு முடிந்தது. இனி வருவதை உட்கார்ந்து படிக்கவும்.

நம் கிளையின் கூட்ட மண்டபமான மக்கள் இல்லத்தை நான் விற்றுவிட்டேன். வேண்டுமென்று செய்யவில்லை.

எங்கள் கிளையின் நிலைமை உங்களுக்குத் தெரியும். காப்பிக் கொதிகலன் நூறு பேருக்கானது, வருகிறவர்களோ ஒரு மேஜையைச் சுற்றி அடங்கிவிடுவார்கள். கூரை ஒழுகுகிறது. மண்டபத்தைச் சூடாக்குகிற வெந்நீர்க் கொப்பரை போன குளிர்காலத்தில் உயிரை விட்டது. நடன வகுப்புக்கு வந்தவர்கள் கோட்டைக் கழற்றாமலே ஆடினார்கள். இந்தச் சமயம் பார்த்து ஒரு கம்பெனி வந்தது. அரசாங்க வரிப்பணத்தில் பள்ளிக்கூடம் நடத்தி, மிஞ்சுகிற லாபத்தைப் பங்குதாரர்களுக்குக் கொடுக்கும் கம்பெனி. ஆலை முதலாளி கூட்டம் போட ஓர் அறைகூடக் கொடுக்காத காலத்தில், வேலை முடிந்து வந்து என் அப்பா செங்கல் அடுக்கிக் கட்டிய இல்லத்தை இவர்கள் வாங்கிப் பள்ளிக்கூடம் ஆக்குவார்களாம். மே தின ஊர்வலம் அந்தப் படிக்கட்டிலிருந்துதான் கிளம்ப வேண்டும், கிளம்பியிருக்கிறது, ஒரு வருஷம்கூட மாறியதில்லை. ஆகவே எதிர்ப்பது என்று நான் முடிவு கட்டியிருந்தேன். இதை நன்றாக மனசில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் நம்ப மாட்டீர்கள்.

கம்பெனி சார்பில் ராஸ்முஸ் என்று ஒரு பையன் ஸ்டாக்ஹோமிலிருந்து எங்கள் கிளைக் கூட்டத்துக்கு வந்தான். நாங்கள் எல்லோரும் டை கட்டியிருந்தோம், அவன் கட்டவில்லை. ஒரு பெட்டி நிறைய இலவங்கப்பட்டை பன் கொண்டுவந்திருந்தான், இன்னும் சூடு ஆறாதது.

"தோழர்களே, நானும் இந்தக் கட்சி வளத்த பிள்ளைதான். இளைஞர் அணியில மாவட்டச் செயலாளரா இருந்தவன். உங்க கொள்கைதான் எங்க கம்பெனிக் கொள்கையும்" என்றான்.

பொருளாளர் பார்ப்ரோ மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தாள். "எங்க கொள்கையில லாபம் எந்த இடத்துல வருது தம்பி?"

"லாபத்தை நாங்க தேடிப் போறதில்ல தோழர். அது அதுவா வருது."

"எனக்கு மூட்டுவலி மட்டும்தான் அதுவா வருது" என்றார் ஹோல்கெர்.

எல்லோரும் சிரித்தோம், ராஸ்முஸும் சிரித்தான். சிரித்ததும் அவனைக் கொஞ்சம் பிடித்துப்போனது, அங்கேதான் முதல் தப்பு. அவன் பன்னை விநியோகம் செய்துவிட்டு, கூட்டத்தின் உரிமைக்கு மதிப்பளிப்பதாகச் சொல்லி வெளியே போய் நின்றான்.

ஹோல்கெரைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் ஆலையில் முப்பது வருஷம் காகிதக் கூழ் காய்ச்சியவர். எந்தத் தீர்மானம் வந்தாலும் எதிர்ப்பார். காப்பிக்குப் பால் வாங்குகிற தீர்மானத்தையே எதிர்த்துக் குறிப்பில் எழுதச் சொன்னவர். தலைவர் நாற்காலியில் இருந்துகொண்டு தலைவர் ஒரு பக்கம் சாயக் கூடாது, பேச வேண்டுமானால் தீர்மானம் முடிந்ததென்று மேஜையில் தட்டுகிற சுத்தியலை வேறொருவரிடம் கொடுத்துவிட்டு இறங்க வேண்டும் என்பது நீங்களே எங்களுக்குக் கற்றுக்கொடுத்த முறை. எதற்கு இறங்குவது, ஹோல்கெர் இருக்கிறாரே என்று நான் உட்கார்ந்திருந்தேன். அடுத்த அறையில் காப்பி தயாராகி மணம் வந்துகொண்டிருந்தது. இல்லத்தை விற்பது என்ற தீர்மானத்தைப் படித்தேன். "கூட்டம் இதை ஏற்கிறதா?" என்று கேட்டேன். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. நானும் கொஞ்ச நேரம் பார்த்தேன். எவெர்ட், இத்தனை வருஷம் ஒரே நாற்காலியில் உட்கார்ந்து ஒரே வாக்கியத்தைச் சொன்னவனுக்கு, மௌனம் சம்மதம் என்பது மூளைக்குப் போகாமல் நேரே கைக்குப் போய்விடுகிறது. "கூட்டம் ஏற்றதாகக் காண்கிறேன்" என்று என் வாய் சொன்னது. என் கை சுத்தியலை டொக்கென்று தட்டியது.

ஹோல்கெர் எதையோ விழுங்கினார். "ஸ்டூரே, இப்ப எதை ஏத்துக்கிட்டோம்?"

"இல்லத்தை வித்துட்டோம்."

"யாரு வித்தது?"

"நாமதான்."

"யோவ், நான் எதிர்க்கணும்னே மழையில நடந்து வந்தவன்யா."

"வாயத் தொறந்து சொல்லியிருக்கலாமே."

"வாயில பன்னு இருந்துச்சு."

பார்ப்ரோ என்னைப் பார்த்தாள். "நீ எதிர்ப்பேன்னுல நான் சும்மா இருந்தேன்? உங்கப்பா கட்டினது ஆச்சே."

"நான் ஹோல்கெரை நம்பி இருந்தேன்."

விசாரித்ததில் அந்த மேஜையைச் சுற்றி இருந்த அத்தனை பேரும் எதிர்க்கத்தான் வந்திருந்தார்கள், ஒவ்வொருவரும் பக்கத்தில் இருந்தவரை நம்பியிருந்தார்கள். இந்த நாட்டில் கல்யாணத்தை முறிக்கலாம், மதத்தை விடலாம், தட்டிய சுத்தியலைத் தட்டாததாக ஆக்க முடியாது. எழுந்து போய்க் காப்பி குடித்தோம். நன்றாகத்தான் இருந்தது, அதைச் சொல்லவும் வெட்கமாக இருக்கிறது.

ஆற்றங்கரையோடு வீட்டுக்கு நடந்தபோது ஒரு நினைப்பு வந்தது, அதை உங்களைத் தவிர வேறு யாரிடமும் சொல்ல முடியாது. நம் கட்சி ஆரம்பித்தபோது முதலாளித்துவத்தை ஒழிப்பது என்று எழுதி வைத்தார்கள். அப்பா காலத்தில், மாட்டை ஏன் வெட்ட வேண்டும், தீனி போட்டுக் கறக்கலாமே என்றார்கள். அதுவும் நியாயம்தான். அந்தப் பாலில்தான் நானும் மாய்கெனும் படித்தோம், பல் கட்டினோம், வருஷா வருஷம் கோடை விடுமுறைக்கு ஏரிக்குப் போனோம். பிறகு என் காலத்தில் மாடு கோபித்துக்கொள்ளக் கூடாது என்று கயிற்றைக் கொஞ்சம் நீளமாக விட்டோம். இன்னும் கொஞ்சம் விட்டோம். ஆலையில் பாதி போலந்துக்குப் போயிற்று. இப்போது தும்பை விட்டுவிட்டு வாலைப் பிடிக்கிறோம், அதுவும் போதாதென்று தொழுவத்தையே வாங்கிக்கொள்ளும்படி மாட்டைக் கேட்கிறோம். இதை எந்தக் கூட்டத்தில் முடிவு செய்தோம்? நான் எத்தனையோ மாநாட்டுக்குப் பிரதிநிதியாகப் போயிருக்கிறேன். எதிர்த்து ஓட்டுப் போட்டதாகவும் ஞாபகம் இல்லை, ஆதரித்துப் போட்டதாகவும் ஞாபகம் இல்லை. தலைவர் கேட்பார், நாங்கள் பக்கத்தில் இருப்பவரைப் பார்ப்போம், டொக்கென்று கேட்கும், எழுந்து காப்பிக்குப் போவோம். யாரும் நம்மை ஏமாற்றவில்லை, எவெர்ட். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. இல்லத்தின் கதவைப் பூட்டும்போது கொஞ்சம் அழுதேன், ஹோல்கெர் பார்க்காத மாதிரி நின்றார்.

ஆகவே கேட்பது என்னவென்றால், கட்சி விதிகளைக் கரைத்துக் குடித்தவர் நீங்கள். வெள்ளிக்கிழமை கையெழுத்து ஆவதற்குள், விழுந்த சுத்தியலைத் திரும்ப எடுக்க ஏதாவது ஒரு விதி, ஓர் உபவிதி, மூலையில் கிடக்கும் ஓர் அடிக்குறிப்பு இருந்தாலும் தேடி எழுதுங்கள். இந்தத் தடவை நாற்காலியை விட்டு இறங்கி என் வாயாலேயே மாட்டேன் என்று சொல்வேன். கொடியை நானே தூக்கி அந்தப் படிக்கட்டில் நிற்பேன், தூக்கிப்போட்டால்தான் நகர்வேன்.

உங்கள் முழங்கால் தேறி, மே தினத்தில் எங்கள் பக்கம் நடந்து வர வேண்டும். அண்ணிக்கு எங்கள் அன்பு. உங்கள் உருளைக்கிழங்குப் பாத்தியைக் கடைசிப் பனி தொடாமல் போகட்டும்.

தோழமையுடன்,
ஸ்டூரே

பி.கு: கடிதத்தை ஒட்டுமுன் மாய்கெனுக்குப் படித்துக் காட்டினேன். அவள் தையலை நிறுத்தாமலே கேட்டாள்: "அந்தக் கம்பெனி யாரோடதுன்னு தெரியுமா உங்களுக்கு?"

"பங்குதாரருங்களோடது."

"அதுல பெரிய பங்கு நம்ம ஆலைத் தொழிற்சங்கத்துப் பென்ஷன் நிதியோடது. போன வருஷக் கூட்டத்துல சொன்னாங்க, நீங்க தூங்கிட்டிருந்தீங்க. பென்ஷன் ஏறினப்ப மட்டும் முழிச்சிருந்தீங்களே, அது எங்கேருந்து வந்துச்சுன்னு நெனச்சீங்க?"

முதலாளியைத் தேடிப் போய் என் சட்டைப்பைக்குள்ளேயே கையை விட்டிருக்கிறேன், மச்சான். விற்றவனும் நான், வாங்கியவனும் நான். படிக்கட்டில் கொடியோடு நின்றால் என்னைத் தூக்கிப்போட வேண்டியவனும் நானேதான். அரைமணி நேரம் யோசித்தேன். பிறகு, "அப்ப அந்த விதியைத் தேட வேண்டாம்னு எழுதிடவா?" என்று மாய்கெனைக் கேட்டேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை. காப்பி ஊற்றிக்கொண்டிருந்தாள். என் கையில் கரண்டி இருந்தது, அது பாட்டுக்கு மேஜையில் டொக்கென்று தட்டிவிட்டது.

ஆகவே தேட வேண்டாம்.