படமே பார்க்காத கோடெக் அண்ணன்

ஒரு படத்தைக்கூடப் பார்க்காமல் எல்லாப் படத்தைப் பற்றியும் பேசக்கூடிய ஆள் இந்த மலேசியாவிலேயே ஒருவர்தான். பிரிக்பீல்ட்ஸில் ஒரு மாடிப்படிக்குக் கீழே கைப்பேசி ரிப்பேர் கடை வைத்திருக்கும் கோடெக் அண்ணன். கோடெக் என்றால் வீடியோவை மடித்துச் சுருக்கி, திரும்பப் பிரிக்கும் முறை. அவருடைய நிஜப் பேரைக் கேட்டால் அவர் மனைவியே கொஞ்சம் யோசித்துத்தான் சொல்வார்.

பெண்டிரைவில் படத்தை வைத்துக்கொண்டு, "என் டிவியில ஓடுமா?" என்று கேட்க அவரிடம் ஆள் வந்துகொண்டே இருக்கும். அண்ணன் ஃபைலைத் திறக்கவே மாட்டார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, புள்ளி வைத்து ரயில் மாதிரி நீளும் அதன் பேரை மட்டும் படிப்பார்.

"1080p. மேலேருந்து கீழ வரைக்கும் ஆயிரத்து எண்பது கோடு. படம் பளிச்சுனு இருக்கும். ஆனா x265னு போட்டிருக்கான். ஆன்டி, டிவி எப்ப வாங்கனது?"

"என் மருமக வந்த வருஷம் தம்பி."

"மருமக வந்து எத்தன வருஷம்?"

"அவளே இப்ப மாமியா ஆயிட்டா லா."

"அப்ப ஓடாது. x265ன்னா அதே படத்த நல்லா மடிச்சி சின்னப் பெட்டியில வச்சிருக்கான். பிரிச்சி எடுக்க ஒங்க டிவிக்குத் தெரியாது. x264 கொண்டாங்க."

"படம் நல்லாருக்குமா?"

"சவுண்டு நல்லாருக்கும், ஆறு ஸ்பீக்கர்ல சுத்தி வரும். ஃபைவ் பாயிண்ட் ஒன்."

கதையைப் பற்றிக் கேட்டால் முகம் சுருங்கிவிடும். "அது பேர்ல இல்ல ஆன்டி."

இதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. வாழைஇலைக் கடையில் சாம்பாரை நாக்கில் வைத்து, "நேத்து உள்ளது. தண்ணி ஊத்தி ரீ-என்கோட் பண்ணிருக்கான்" என்பார். அவருக்குப் பேரன் பிறந்த அன்று வாட்ஸ்அப்பில் எங்களுக்கு வந்த செய்தி: "பேரன். மூன்று கிலோ. ஃபைவ் பாயிண்ட் ஒன் சவுண்டு. சப்டைட்டில் இல்லை." ஏன் அழுகிறான் என்று யாருக்கும் புரியவில்லை என்பதைத்தான் அப்படிச் சொல்லியிருந்தார்.

மூன்றாம் படிவத்தோடு பள்ளிக்கூடத்துக்கு விடுதலை கொடுத்துவிட்டு கிள்ளான் பக்கம் மேருவில் லோரி ஓட்டும் எனக்கும் ஒரு லேபல் வைத்திருந்தார். கேம் பிரிண்ட். தியேட்டரில் திருட்டுத்தனமாக உட்கார்ந்து போனில் பிடித்த படம்.

"கை ஆடும், முன்னாடி ஆள் தல மறைக்கும், பாதியில எவனாவது இருமுவான். அதாண்டா நீ."

கண்ணாடியில் பார்த்தால் எனக்கே கொஞ்சம் ஆடத்தான் செய்கிறது.

போன வருஷம் கிள்ளானில் என் அக்கா மகளுக்குக் கல்யாணம். அக்கா வீட்டுக்காரர், என் மாமா, தவறிப் பல வருஷமாகிவிட்டது. விருந்தில் பெரிய திரையில் மாமா இருக்கும் வீடியோவைக் காட்ட வேண்டும், அவர் இல்லாமல் மகளைக் கொடுத்த மாதிரி இருக்கக்கூடாது என்பது அக்காவின் ஒரே ஆசை. மாமா பேசி நடமாடும் வீடியோ உலகத்திலேயே ஒன்றுதான். பழைய போனில் நான் எடுத்த நாற்பது விநாடி. மகளுக்கு சைக்கிள் பழக்குகிறார்.

மண்டபத்துத் திரைக்காரர் என்னிடம், "4K-யா, நல்ல தெளிவா குடுங்க பொஸ், ஸ்கிரீன் பெருசு" என்றார்.

இத்தனை வருஷம் அண்ணன் கடையில் உட்கார்ந்து தே தாரிக் டீ குடித்தவனுக்கு இது ஒரு விஷயமா? ஃபைலின் பேரை அழித்தேன். "மாமா.4K.ப்ளூரே.டென்பிட்.செவன்பாயிண்ட்ஒன்" என்று கட்டைவிரலாலேயே அடித்துத் திரைக்காரருக்கு அனுப்பினேன். அண்ணன் பேரைப் பார்த்துத்தானே படத்தைச் சொல்கிறார்? பேரை ஏற்றிவிட்டால் படம் ஏறாதா?

விருந்துக்கு இரண்டு நாள் முன்னால் மண்டபத்தில் போட்டுப் பார்த்தோம். திரை முழுக்க சதுரம் சதுரமாகக் குவே லாப்பிஸ் கேக்குத் துண்டுகளை அடுக்கி வைத்த மாதிரி ஏதோ நகர்ந்தது. அதில் மூக்கு எது, சைக்கிள் ஹேண்டல் எது என்று தெரியவில்லை.

அக்கா ரொம்ப நேரம் பார்த்தாள். "இதுவாடா அவரு?" என்றாள். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

மறுநாள் காலையில் அண்ணன் கடை திறக்கும் முன்பே படியில் உட்கார்ந்திருந்தேன். அண்ணன் பேரைப் படித்தார். "4K. ப்ளூரே. அம்மாடி, செவன் பாயிண்ட் ஒன்." பிறகு ஃபைலின் அளவைப் பார்த்தார். "மூணு எம்பி. என்னடா இது, அரிசி மூட்டைன்னு எழுதிட்டு உள்ள ஒரே ஒரு பருக்கை இருக்கு?"

உண்மையைச் சொன்னேன். மாடிப்படி அதிர அதிரச் சிரித்தார். "ஒன் லோரி முன்னாடி ஏரோப்பிளேன்னு எழுது. பறக்குதா பாப்போம்."

"சிரிக்காதீங்கண்ணே. அக்கா அழுவுது."

சிரிப்பு நின்றது. அதன் பிறகு, நான் பார்த்தவரை, அவர் செய்யாத ஒரு காரியத்தைச் செய்தார். ஃபைலைத் திறந்தார்.

நாற்பது விநாடி. முடிந்ததும் மறுபடி போட்டார். மூன்றாவது தடவையும் போட்டார்.

"இது 240p. அன்னிக்கி போன் அவ்ளோதான் புடிச்சிச்சி. இல்லாத கோட்ட எங்கேருந்து கொண்டாறது? இழுத்துப் பெருசாக்காத. கறுப்புத் திரை, நடுவுல சின்னதா போடு. முகம் தெரியும்."

"பின்னாடி உக்காந்தவங்களுக்குத் தெரியாதேண்ணே?"

"பாக்கணும்னு நெனைக்கிறவன் கிட்ட வருவான் லா."

விருந்தன்று விளக்கை அணைத்தார்கள். அவ்வளவு பெரிய திரையில் ஒரு ஜன்னல் அளவுக்கு மாமா. பந்திங்கிலிருந்து வந்த பெரியப்பா கடைசி வரிசையிலிருந்து, "என்னாப்பா, மிச்சத்த எவன் தின்னான்?" என்று சத்தம் போட்டார். அக்காதான் முதலில் எழுந்து திரைப்பக்கம் நடந்தாள். பின்னாலேயே கல்யாணப் பெண். அப்புறம் நாற்காலிகள் இழுபடும் சத்தம். கோழிப்பிரட்டல் தட்டோடு பெரியப்பா உட்பட மொத்த மண்டபமும் திரைக்கு முன்னால் வந்து நின்றது.

திரையில் மாமா சைக்கிளை எப்போதோ விட்டுவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு பின்னாலேயே ஓடுகிறார். "விடல மா, புடிச்சிருக்கேன், விடல மா" என்று கத்திவிட்டு எங்களைப் பார்த்துக் கண்ணடிக்கிறார். கண்ணடித்தது தெரிந்தது. மண்டபமே சிரித்தது. எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தது அக்கா.

ஓரமாக நின்றிருந்த அண்ணனிடம் போனேன். "இப்பவாவது என் பிரிண்ட்ட மாத்துங்கண்ணே."

"நீ கேம் பிரிண்ட்தாண்டா." கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஆனா ஒண்ணு. தியேட்டர்ல ஜனங்க சிரிக்கிற சத்தம் அதுல மட்டுந்தான் இருக்கும்."

பேரை மாற்றினால் உள்ளே இருப்பது மாறாது என்று அன்றைக்குப் புரிந்துகொண்டேன். அதன் பிறகு எந்த ஃபைலின் பேரிலும் கை வைத்ததில்லை. என் போனில் மட்டும் ஒரு பேரை மாற்றினேன். 'கோடெக் கடை' என்று இருந்ததை 'அண்ணன்' என்று.