நடுக்கொம்பு

புளி போட்டுத் தேய்த்ததில் விளக்கின் நடுக்கொம்பு ஒரு பக்கம் சாய்ந்துவிட்டது. சுலோஜனாவுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

பிராங்பேர்ட்டில் அவள் வீட்டுவேலை செய்யும் ஸ்டேர்ன் அம்மாவின் விளக்கு அது. யூதர்கள் ஹனுக்காப் பண்டிகைக்கு ஏற்றும் ஒன்பது கொம்பு விளக்கு. அவருடைய மாமியார் வழியாக வந்தது. போரில் எல்லாவற்றையும் இழந்த குடும்பத்துக்கு மிஞ்சியது இது ஒன்றுதான். மறுநாள் பண்டிகை. விளக்கைப் பொறுப்பெடுக்க மகள் மிரியாம் ஹம்பேர்க்கிலிருந்து வருகிறாள். பளபளவென்று இருக்கட்டுமே என்று, யாரும் கேட்காமலே சுலோஜனா புளி கரைத்தாள்.

வீட்டுக்குக் கொண்டுபோய் நன்றாக மினுக்கிக்கொண்டு வருவதாக ஸ்டேர்ன் அம்மாவிடம் ஒரு பொய் சொன்னாள். அவர் மறுக்கவில்லை. துவாயில் சுற்றி எடுத்துக்கொண்டு எஸ்-பான் ரயில் ஏறினாள்.

கணவன் சிறீதரன் பழைய ரேடியோ திருத்துகிறவன். குறட்டால் கொம்பை மெல்ல நிமிர்த்தினான். அது கையோடு வந்தது.

"நிமித்தச் சொன்னால் முறிச்சுப்போட்டியள்."

"பதறாதையும். ஈயம் வைச்சால் தெரியாது."

ஈயம் வைத்தான். கோணலாக ஒட்டியது. கழற்றி அராவி மறுபடி ஒட்டினான். அதுவும் கோணல். அராவி அராவி ஒருவழியாக நேராக்கிவிட்டு, தள்ளி நின்று ரசித்தான்.

"முந்தி இது மட்டும் உயரமா நிண்டது. இப்ப எல்லாம் ஒரே மட்டம்."

நடுத்திரியிலிருந்துதான் மற்ற எட்டையும் கொளுத்துவார்கள், அதனால்தான் அது உயரம் என்று சுலோஜனா அழாக்குறையாகச் சொன்னாள். சிறீதரன் யோசித்தான். ஒரு ரேடியோ அன்ரெனாவை வெட்டிப் பொருத்தினான்.

"இனி எவ்வளவு உயரம் வேணுமெண்டாலும் இழுக்கலாம்."

மறுநாள் மாலை, போட்டிருந்த குளிர்ச்சட்டையைக்கூடக் கழற்றாமல், தாய்க்கும் மகளுக்கும் முன்னால் நின்று சுலோஜனா நடந்ததெல்லாம் சொன்னாள். இனி இந்த வீட்டுக்கு வரத்தேவையில்லை என்று சொல்லிவிடுவார்கள் என்பதில் அவளுக்குச் சந்தேகமே இல்லை.

ஸ்டேர்ன் அம்மா அன்ரெனாவை மேலே இழுத்தார். உள்ளே தள்ளினார். மறுபடி இழுத்தார். கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். பிறகு தீப்பெட்டியைச் சுலோஜனாவின் கையில் வைத்தார்.

"முதல் திரியை நீதான் கொளுத்த வேண்டும்."

சுலோஜனா ஒன்றும் விளங்காமல் மிரியாமைப் பார்த்தாள். மிரியாமின் முகம் தொங்கிப்போயிருந்தது.

"எங்கள் வீட்டில் இந்த விளக்கை உடைத்தவள்தான் முதல் திரி கொளுத்துவாள். அப்பாவின் அம்மா உடைத்தார், அம்மா உடைத்தார். இந்த வருடம் எப்படியாவது நான் உடைத்துவிட வேண்டும் என்றுதான் ஹம்பேர்க்கிலிருந்து வந்தேன்."